வராமையால் தள்ளுபடியான மேல்முறையீடு: 14 மாதம் கழித்துத் தெரியவந்தால் என்ன வழி?

வைப்பாற்றான் எழுதியது:

எங்கள் குடும்பத்தில் கிணற்றுப் பாத்தியதை வழக்கு ஒன்று நடந்து வருகிறது. பாட்டனார் காலத்தில் பங்காளிகள் நால்வர் சேர்ந்து வெட்டிய கிணறு அது. எங்கள் பங்கு நாலில் ஒன்று. வாரத்தில் ஒன்றே முக்கால் நாள் தண்ணீர் முறை எங்களுடையது. மற்ற மூன்று பங்குகளையும் விலைக்கு வாங்கியவர், எங்களுக்குக் கிணற்றில் உரிமையே இல்லை என்று மறுத்ததால், அப்பா முன்சீப் நீதிமன்றத்தில் உரிமை விளம்புகை (எங்களுக்கு உரிமை உண்டு என்ற அறிவிப்பு) கோரி வழக்குப் போட்டார். 2017இல் அது தள்ளுபடியானது. அதே ஆண்டு சார்பு நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்தோம். அது முடியும்வரை இருக்கிற நிலை அப்படியே தொடர வேண்டும் என்று இடைக்கால உத்தரவும் கிடைத்ததால், தண்ணீர் பாய்ச்சுவதில் பெரிய தொந்தரவு இல்லாமல் ஆறு ஆண்டுகள் ஓடின.

போன மாதம் எங்கள் முறை நாளில் அப்பா மோட்டார் போடப் போனபோது, எங்கள் குழாய் கழற்றப்பட்டு வரப்பின் மேல் கிடந்திருக்கிறது. கேட்டதற்கு, "உங்கள் கேஸ் போன வருஷமே முடிந்துவிட்டதே, வக்கீல் சொல்லவில்லையா?" என்று எதிர்த்தரப்பார் கேட்டாராம். கைப்பேசிச் செயலியில் தேடிப் பார்த்தேன். 12.07.2023 அன்று மேல்முறையீடு தள்ளுபடி என்று இருக்கிறது. எங்கள் வழக்கறிஞர் இடையில் உடல்நலம் குன்றி நீதிமன்றத்துக்குப் போவதையே நிறுத்தியிருக்கிறார். அவருடைய குமாஸ்தாவோ வேறொரு அலுவலகத்தில் சேர்ந்துவிட்டார். ஒவ்வொரு முறை அப்பா தொலைபேசியில் கேட்டபோதும் "வாய்தா போட்டிருக்கிறது, வரும்போது சொல்கிறோம்" என்ற பதிலே கிடைத்தது.

ஆறு ஆண்டுகள் நிலுவையில் இருந்த வழக்கை, ஒரு நாள் ஆள் வரவில்லை என்பதற்காக முடித்துவிட முடியுமா? இனி எங்களுக்கு வழி ஏதேனும் இருக்கிறதா? விவரம் அறிந்தவர்கள் சொல்ல வேண்டுகிறேன்.

பழைய சிரஸ்தார் எழுதியது:

தம்பி, முப்பது ஆண்டுகளுக்கு மேல் உரிமையியல் நீதிமன்ற அலுவலகங்களில் இருந்தவன் என்ற முறையில் சொல்கிறேன். "ஒரு நாள் வரவில்லை" என்று நீங்கள் எழுதியிருப்பது பெரும்பாலும் சரியாக இருக்காது. காலையில் வழக்கு அழைக்கப்படும்போது நீதிமன்ற உதவியாளர் வராந்தாவுக்கு வந்து பெயரை மூன்று முறை கூப்பிடுவார். பதில் இல்லையென்றால் வழக்குக் கட்டு ஓரமாக வைக்கப்பட்டு, பிற்பகலில் மறுபடியும் கூப்பிடப்படும். அன்றும் யாரும் வரவில்லையென்றால், பல நீதிபதிகள் "கடைசி வாய்ப்பு" என்று எழுதி இன்னொரு தேதி கொடுப்பார்கள். உங்கள் மேல்முறையீட்டில் வாதுரைக்கு என்று எத்தனை தேதிகள் போடப்பட்டன, அவற்றில் எத்தனையில் உங்கள் தரப்பு இல்லை என்பதைச் செயலியின் வாய்தா வரலாற்றிலேயே பார்க்கலாம். அதை முதலில் குறித்துக்கொள்ளுங்கள். பின்னால் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் கேட்கப்போகும் முதல் கேள்வி அதுவாகத்தான் இருக்கும்.

அடுத்து, செயலியில் "தள்ளுபடி" என்று இருப்பதை வைத்து எதையும் முடிவு செய்யாதீர்கள். அந்த ஒரு சொல்லுக்குள் பல வகைகள் அடங்கும். ஆள் வராததால் தள்ளுபடி ஒரு வகை. வாதம் கேட்டுத் தகுதியின் மேல், அதாவது வழக்கின் நியாயத்தை எடைபோட்டு, தள்ளுபடி செய்வது இன்னொரு வகை. கட்சிக்காரர் இறந்து 90 நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்காததால் வழக்கு அற்றுப்போவது மூன்றாவது வகை. மூன்றுக்கும் மனு வேறு, காலக்கெடு வேறு. எதிர்த்தரப்பில் யாரேனும் இடையில் இறந்திருக்கிறார்களா என்றும் விசாரித்துக்கொள்ளுங்கள். இன்றைக்கே நகல் மனுப் போட்டு உத்தரவின் சான்றிட்ட நகலை வாங்குங்கள். உத்தரவில் என்ன வாசகம் இருக்கிறது என்பதில்தான் உங்கள் வழியே இருக்கிறது.

இன்னொன்றும் செய்யுங்கள். பழைய வழக்கறிஞரிடம் கோபப்படாமல் போய், கட்டைத் திருப்பி வாங்கிக்கொண்டு, வக்காலத்தை மாற்றிக்கொள்ள ஒப்புதலும் எழுதி வாங்குங்கள். சண்டை போட்டுக்கொண்டு வந்தால் கட்டு கிடைக்கவே மூன்று மாதம் ஆகும். அந்த மூன்று மாதமும் உங்கள் தாமதக் கணக்கில்தான் சேரும்.

கறுப்பு அங்கி எழுதியது:

சிரஸ்தார் ஐயா நடைமுறையைச் சொல்லிவிட்டார். சட்டத்தை நான் சொல்கிறேன். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 41ஆவது கட்டளை, 17ஆவது விதிப்படி, விசாரணைக்கு எடுத்துக்கொள்ளப்பட்ட நாளில் மேல்முறையீட்டாளர் வரவில்லையென்றால் நீதிமன்றம் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்யலாம். "செய்யலாம்" என்றுதான் விதி சொல்கிறது, "செய்ய வேண்டும்" என்று சொல்லவில்லை. ஒத்திவைக்கவும் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. மாறாக, மேல்முறையீட்டாளர் வந்து எதிர்த்தரப்பு வராவிட்டால், ஒருதலைப்பட்சமாக வாதத்தைக் கேட்டுத் தீர்ப்பு வழங்கப்படும்.

தள்ளுபடியானதைத் திரும்ப எடுப்பதற்கு அதே கட்டளையின் 19ஆவது விதி இருக்கிறது. போதிய காரணத்தால் தாம் வர இயலாமல் போயிற்று என்று மேல்முறையீட்டாளர் மெய்ப்பித்தால், செலவுத் தொகை உள்ளிட்ட நிபந்தனைகளோடு நீதிமன்றம் அதை மீண்டும் கோப்பில் ஏற்க வேண்டும். இங்கே "செய்யலாம்" இல்லை, "வேண்டும்" என்றே இருக்கிறது. காரணம் மெய்ப்பிக்கப்பட்டுவிட்டால் நீதிபதியின் விருப்பத்துக்கு விடப்பட்ட செய்தியாக அது இருப்பதில்லை.

சிக்கல் காலத்தில்தான். கால வரம்புச் சட்டம் 1963இன் 122ஆவது இனப்படி, தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாளுக்குள் இந்த மனுவைப் போட்டிருக்க வேண்டும். உங்களுக்கு எப்போது தெரிந்தது என்பது கணக்கே இல்லை. உத்தரவு நாளிலிருந்துதான் எண்ண வேண்டும். இதே சட்டத்தின் 123ஆவது இனத்தில், அறிவிப்பு முறையாகச் சார்வு செய்யப்படாத (கையில் சேர்க்கப்படாத) எதிர்மேல்முறையீட்டாளருக்கு மட்டும் தெரிந்த நாளிலிருந்து எண்ணும் சலுகை உண்டு. மேல்முறையீடு போட்டவருக்கு அது இல்லை. வழக்கைத் தொடுத்தவருக்கு அதைக் கவனிக்கும் கடமையும் உண்டு என்பது அதன் உட்பொருள். ஆகவே நீங்கள் இரண்டு மனுக்கள் போட வேண்டும். கால வரம்புச் சட்டத்தின் 5ஆவது பிரிவின் கீழ்த் தாமதத்தை மன்னிக்கக் கோருவது முதல் மனு. 19ஆவது விதியின் கீழ் மேல்முறையீட்டை மீட்கக் கோருவது இரண்டாவது. முதலாவது அனுமதிக்கப்பட்டால்தான் இரண்டாவதற்குப் பதிவு எண்ணே விழும்.

இந்த உத்தரவை எதிர்த்து நேராக உயர் நீதிமன்றத்தில் இரண்டாம் மேல்முறையீடு செய்ய முடியாது. வராமையால் தள்ளுபடி என்னும் உத்தரவு "தீர்ப்பாணை" (டிக்ரி) ஆகாது என்று உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 2ஆவது பிரிவே சொல்லிவிடுகிறது. மீட்பு மனு மறுக்கப்பட்டால், அந்த மறுப்பை எதிர்த்து 43ஆவது கட்டளையின் கீழ் உரிமையியல் பல்வகை மேல்முறையீடு செய்யலாம்.

டிக்ரிதாரர் மகள் எழுதியது:

எல்லோரும் மேல்முறையீட்டாளர் பக்கமே பேசுகிறீர்கள். மறுபக்கத்தில் இருப்பவள் என்பதால் நானும் சிலவற்றைச் சொல்ல வேண்டியிருக்கிறது. என் அம்மாவுக்குச் சாதகமாக வீட்டுப் பாகப்பிரிவினை வழக்கில் தீர்ப்பாகிப் பதினோரு ஆண்டுகள் ஆகின்றன. எதிர்த்தரப்பு மேல்முறையீடு செய்து, தடை உத்தரவும் வாங்கியது. அதன் பிறகு அவர்கள் நீதிமன்றப் பக்கமே வருவதில்லை. ஒரு முறை வராமையால் தள்ளுபடியானது; ஏழு மாதம் கழித்து வந்து மீட்டுக்கொண்டார்கள். இரண்டாம் முறையும் அதே கதை நடந்தது. இரண்டு முறையும் சேர்த்து அம்மாவுக்குக் கிடைத்த செலவுத் தொகை 2,500 ரூபாய். ஒவ்வொரு தேதிக்கும் அம்மா திருப்பூரிலிருந்து பேருந்தில் வந்து, வராந்தாவில் மாலைவரை உட்கார்ந்திருந்து திரும்பிப் போயிருக்கிறார். அந்தச் செலவுக்கே அந்தப் பணம் போதாது.

ஆள் வராத மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்யும் அதிகாரம் நீதிமன்றத்துக்கு இல்லாமல் போனால், தீர்ப்பு வாங்கியவர் உயிரோடு இருக்கும்போது அதன் பலனைக் காணவே முடியாது. வைப்பாற்றான் அவர்கள் மன்னிக்க வேண்டும்; உங்கள் தந்தையார் 14 மாதம் தொலைபேசியில் மட்டுமே கேட்டுக்கொண்டிருந்தார் என்பது எனக்குப் போதிய காரணமாகத் தோன்றவில்லை. வழக்கு எண்ணைத் தட்டினால் நிலை தெரியும் செயலி எல்லோர் கையிலும் இருக்கிறது. எதிர்த்தரப்பார் அதைப் பார்த்துத்தானே தெரிந்துகொண்டார்?

வைப்பாற்றான் எழுதியது:

அம்மா, நீங்கள் சொல்வதில் தவறில்லை. ஆனால் எங்கள் வீட்டில் இடைக்கால உத்தரவை வைத்துக்கொண்டு காலத்தை இழுக்கும் எண்ணம் எவருக்கும் இல்லை. அப்பாவுக்கு 78 வயது. அவர் கையில் இருப்பது பொத்தான் வைத்த பழைய கைப்பேசி. அதில் செயலி ஓடாது. நான் சென்னையில் இருக்கிறேன். அப்பா கேட்டுக்கொள்வார் என்று இருந்துவிட்டேன், அது என் பிழைதான். வக்கீலிடம் கட்டணத்தில் ஒரு ரூபாய்கூட பாக்கி வைக்கவில்லை. பணத்தையும் கட்டி வழக்கையும் ஒப்படைத்த பிறகு, அவர் போகாததற்கு நாங்கள் ஏன் கிணற்றை இழக்க வேண்டும் என்பதுதான் அப்பாவின் கேள்வி.

கறுப்பு அங்கி எழுதியது:

உங்கள் தந்தையார் கேட்ட கேள்வி உச்ச நீதிமன்றத்துக்கு 1981லேயே போய்விட்டது. ரஃபீக் எதிர் முன்ஷிலால் என்னும் அந்த வழக்கில், உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு அழைக்கப்பட்ட நாளில் வழக்கறிஞர் வரவில்லை, தள்ளுபடியானது. நாட்டுப்புறத்துக் கட்சிக்காரர் தம்மால் முடிந்ததையெல்லாம் செய்துவிட்டு, வழக்கறிஞரை நம்பி ஊரில் இருக்கிறார். அவர் நீதிமன்றத்துக்கு வந்து, தன் வழக்கறிஞர் வந்திருக்கிறாரா என்று காவல் காக்க வேண்டியதில்லை என்று கூறி, நீதிபதி டி.ஏ. தேசாய் மேல்முறையீட்டை மீட்டார். எதிர்த்தரப்புக்கு 200 ரூபாய் செலவுத் தொகை கொடுக்கச் சொன்னபோதும், அதை வராமல் போன வழக்கறிஞரிடமிருந்தே வசூலிக்க வேண்டும் என்றார். இன்றைக்கும் மீட்பு மனுக்களில் அந்தத் தீர்ப்பைத்தான் நாங்கள் முதலில் காட்டுகிறோம்.

ஆனால் அதை மட்டும் கையில் வைத்துக்கொண்டு போனால் எதிர்த்தரப்பு சலீல் தத்தா வழக்கைக் காட்டும். 1993இல் வந்த அத்தீர்ப்பு, வழக்கறிஞரின் மேல் பழியைப் போட்டுவிட்டால் எல்லாம் மன்னிக்கப்படும் என்று பொதுவிதி எதுவும் கிடையாது என்றது. அந்த வழக்கில் கட்சிக்காரர் கல்கத்தாவிலேயே இருந்த ஒரு தனியார் நிறுவனம், படித்தவர்கள் நடத்தியது, ரஃபீக் வழக்கின் நாட்டுப்புறத்து மனிதரோடு அதை ஒப்பிட இயலாது என்று நீதிமன்றம் வேறுபடுத்தியது. ஆகவே கட்சிக்காரர் யார், எங்கே இருக்கிறார், என்ன முயற்சி செய்தார் என்பதெல்லாம் பார்க்கப்படும். 78 வயதுக் கிராமத்து விவசாயி என்பது உங்களுக்குச் சாதகம்; சென்னையில் படித்த மகன் இருக்கிறார் என்பது எதிர்த்தரப்பு எடுத்துச் சொல்லப்போவது.

நாள் எண்ணிக்கையைக் கண்டு அஞ்ச வேண்டாம். 1998இல் பாலகிருஷ்ணன் எதிர் கிருஷ்ணமூர்த்தி என்னும் தமிழ்நாட்டு வழக்கில் தாமதம் 883 நாள். விசாரணை நீதிமன்றம் மன்னித்ததைச் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம், தாமதத்தின் நீளம் பொருட்டல்ல, விளக்கம் ஏற்கத்தக்கதா என்பதே அளவுகோல் என்று கூறி, 10,000 ரூபாய் செலவுத் தொகையோடு மீட்டுத் தந்தது. அங்கேயும் காரணம் வழக்கறிஞரின் அசட்டைதான். அதற்காக அந்த வழக்கறிஞர் 50,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்று மாவட்ட நுகர்வோர் குறைதீர் மன்றம் ஏற்கெனவே உத்தரவிட்டிருந்ததால், கட்சிக்காரர் சும்மா இருக்கவில்லை என்பது தானாகவே மெய்ப்பட்டது.

அந்த நுகர்வோர் மன்ற வழி இப்போது அடைபட்டுவிட்டது என்பதையும் சொல்லிவிடுகிறேன். வழக்கறிஞரின் பணி நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்துக்குள் வராது என்று 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. 1961ஆம் ஆண்டு வழக்கறிஞர்கள் சட்டத்தின் 35ஆவது பிரிவின் கீழ் மாநில வழக்கறிஞர் மன்றத்தில் புகார் கொடுக்கலாம். ஆனால் உடல்நலம் குன்றியவர் மேல் புகார் கொடுத்துவிட்டு, அவரிடமே ஆதரவுப் பிரமாணப் பத்திரம் கேட்க முடியாது. எது உங்களுக்கு வேண்டும் என்று முடிவு செய்துகொள்ளுங்கள். என்னைக் கேட்டால் அவருடைய பிரமாணப் பத்திரமும் மருத்துவச் சான்றுமே பெரிது என்பேன்.

வைப்பாற்றான் எழுதியது:

சான்றிட்ட நகல் நேற்றுக் கிடைத்தது. மொத்தம் நாலே வரிதான். அதைத் தமிழில் தருகிறேன்: "மேல்முறையீட்டாளர் அழைக்கப்பட்டார். மேல்முறையீட்டாளர் தரப்பில் எவரும் ஆஜராகவில்லை. ஆவணங்கள் பரிசீலிக்கப்பட்டன. விசாரணை நீதிமன்றத்தின் தீர்ப்பில் தலையிடக் காரணம் எதுவும் காணப்படாததால் மேல்முறையீடு தள்ளுபடி செய்யப்படுகிறது." எதிர்த்தரப்பில் யாரும் இறக்கவில்லை. வாய்தா வரலாற்றைப் பார்த்தேன். வாதுரைக்காக ஐந்து தேதிகள் போடப்பட்டு ஐந்திலும் எங்கள் தரப்பு இல்லை. சிரஸ்தார் ஐயா சொன்னது சரியாகிவிட்டது.

புதியவன் எழுதியது:

"ஆவணங்கள் பரிசீலிக்கப்பட்டன" என்று எழுதியிருப்பதால் இது தகுதியின் மேல் வழங்கிய தீர்ப்பு. மீட்பு மனு நிற்காது. மதுரைக் கிளையில் இரண்டாம் மேல்முறையீடு செய்வதுதான் சரி. என் மாமாவின் வழக்கிலும் அப்படித்தான் செய்தோம்.

கறுப்பு அங்கி எழுதியது:

புதியவன் அவர்களின் ஐயம் பலருக்கும் வருவதுதான். ஆனால் முடிவை ஏற்க முடியாது. மேல்முறையீட்டாளர் வராதபோது, கட்டைப் புரட்டிப் பார்த்துத் தகுதியின் மேலும் தள்ளுபடி செய்யலாமா என்பதில் ஒரு காலத்தில் உயர் நீதிமன்றங்கள் ஆளுக்கொரு பக்கம் நின்றன. அதைத் தீர்க்கத்தான் 1976ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் 17ஆவது விதியில் ஒரு விளக்கத்தைச் சேர்த்தது. இந்த விதி, தகுதியின் மேல் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்ய நீதிமன்றத்துக்கு அதிகாரம் அளிப்பதாகப் பொருள்கொள்ளக் கூடாது என்பதே அந்த விளக்கம். 1977 பிப்ரவரி 1 முதல் அது நடைமுறையில் இருக்கிறது. அதற்குப் பிறகும் கீழிருந்து மேல்வரை இந்தப் பிழை ஓயவில்லை. உயர் நீதிமன்றங்களே இப்படித் தள்ளுபடி செய்தவற்றை உச்ச நீதிமன்றம் 1996இல் அப்துர் ரஹ்மான் வழக்கிலும், 2012இல் கன்ஷியாம் தாஸ் குப்தா வழக்கிலும், 2023 நவம்பரில் மீண்டும் ஒரு வழக்கிலும் ரத்து செய்ய வேண்டியிருந்தது.

காரணம் எளிது. வராமையால் தள்ளுபடி என்றால் போதிய காரணம் காட்டி மீட்டுக்கொள்ளலாம். தகுதியின் மேல் என்று எழுதிவிட்டால், ஒரு முறைகூடக் கேட்கப்படாத மனிதர், முழுவதும் கேட்டு முடிக்கப்பட்டவராக ஆகிவிடுகிறார். உரிமையியல் வழக்கில் முதல் மேல்முறையீடு என்பது சாட்சியத்தையும் சட்டத்தையும் ஒருசேர எடைபோடும் கடைசி இடம். இரண்டாம் மேல்முறையீட்டில் கணிசமான சட்டப் பிரச்சினை இருந்தால்தான் உள்ளேயே விடுவார்கள். உங்கள் கிணற்றில் யார் எத்தனை நாள் தண்ணீர் இறைத்தார்கள் என்பது முழுக்க முழுக்கச் சாட்சியம் பற்றியது.

வைப்பாற்றான், ஒன்றை உறுதி செய்யுங்கள். இந்த உத்தரவைத் தொடர்ந்து மேல்முறையீட்டுத் தீர்ப்பாணை என்று தனியாக ஏதேனும் வரையப்பட்டிருக்கிறதா? வரையப்படவில்லையென்றால், நீதிமன்றமே இதை வராமைத் தள்ளுபடியாகத்தான் கருதியிருக்கிறது என்று வாதிடலாம். வரையப்பட்டிருந்தால் புதியவன் சொன்ன வழியையும், அதற்குரிய 90 நாள் கெடுவையும் கணக்கில் எடுத்துத்தான் முடிவு செய்ய வேண்டும்.

வரிக்கணக்கு எழுதியது:

என் தொழில் வருமான வரி. எங்கள் பக்கத்தில் இது நேர்மாறாக இருப்பதால் ஒரு செய்தி சொல்கிறேன். வருமான வரி மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தின் பழைய விதி ஒன்று, வராதவரின் மேல்முறையீட்டை அப்படியே தள்ளுபடி செய்ய இடம் தந்தது. செ‌ன்னியப்ப முதலியார் வழக்கில் அந்த விதி செல்லாது என்று சென்னை உயர் நீதிமன்றம் சொன்னதை, 1969இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. தீர்ப்பாயம் மேல்முறையீட்டின் மேல் உத்தரவு வழங்க வேண்டும் என்று சட்டம் சொல்லும்போது, ஆள் வரவில்லை என்ற ஒரே காரணத்தால் தகுதியைப் பார்க்காமல் கதவைச் சாத்த முடியாது என்பதே அதன் சாரம். ஆக, நீங்கள் எதைப் பிழை என்கிறீர்களோ, அதைத்தான் எங்கள் தீர்ப்பாயம் செய்தாக வேண்டும். இது எனக்கு எப்போதும் விந்தையாகத் தோன்றும்.

கறுப்பு அங்கி எழுதியது:

விந்தைதான், ஆனால் முரண்பாடு அல்ல. அந்தந்தச் சட்டத்தின் வாசகம் வேறு. குற்றவியலிலும் உங்கள் தீர்ப்பாயத்தைப் போலத்தான். குற்றவாளி என்று தீர்ப்பானவரின் மேல்முறையீடு விசாரணைக்கு ஏற்கப்பட்டுவிட்டால், அவரோ வழக்கறிஞரோ வரவில்லை என்பதற்காக மட்டும் தள்ளுபடி செய்ய முடியாது. கட்டைப் படித்துத் தகுதியின் மேல்தான் முடிக்க வேண்டும் என்று 1996இல் பானி சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு சொன்னது. அவர் சிறையில் இருந்து வழக்கறிஞரும் வராவிட்டால் அரசுச் செலவில் ஒரு வழக்கறிஞரை அமர்த்திக்கொள்ளலாம் என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. ஒருவரின் உடல் சிறையில் இருக்கும்போது வராமை என்ற பேச்சுக்கு இடமில்லை. சொத்து வழக்கில் இரண்டு தனியாருக்குள் நடப்பதால், தொடுத்தவரே நடத்த வேண்டும் என்று சட்டம் எதிர்பார்க்கிறது.

பழைய சிரஸ்தார் எழுதியது:

தீர்ப்பாணை வரையப்படவில்லை என்று வைப்பாற்றான் தனிச்செய்தியில் சொன்னார். அப்படியானால் மீட்பு மனுவே போடலாம். இப்போது பிரமாணப் பத்திரத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். நான் பணியில் இருந்த காலத்தில் தாமத மனுக்களைப் படித்தே நம் நாட்டு மருத்துவத்தைக் கற்றுக்கொண்டேன். எந்தக் கட்சிக்காரருக்கும் மஞ்சள் காமாலைதான் வரும். அதற்கும் நாட்டு வைத்தியம்தான் பார்த்திருப்பார். ஆகையால் சான்றும் இருக்காது. தட்டச்சுக் கடையில் அந்தப் பத்தியைத் தயாராகவே வைத்திருப்பார்கள். பெயரும் தேதியும் மட்டும் மாறும். நீதிபதிகளுக்கும் அது தெரியும். குறுக்கு விசாரணையில் "எந்த வைத்தியர், எந்த ஊர், என்ன பத்தியம்?" என்று கேட்டால் பாதிப் பேர் அங்கேயே தடுமாறிவிடுவார்கள்.

உங்களுக்கு உண்மையான காரணம் இருக்கிறது, அதையே எழுதுங்கள். வழக்கறிஞர் எந்த மாதத்திலிருந்து நீதிமன்றத்துக்கு வரவில்லை, குமாஸ்தா எப்போது விலகினார், அப்பா எந்தெந்தத் தேதியில் தொலைபேசியில் பேசினார், குழாய் கழற்றப்பட்டது என்றைக்கு, நகல் மனு என்றைக்குப் போட்டீர்கள் என்று வரிசையாக வர வேண்டும். ஐந்து தேதிகளில் வராததை மறைக்காமல் நீங்களே சொல்லிவிடுங்கள். நாள் கணக்கைத் தவறாமல் போடுங்கள். கெடுவான 30 நாள் 11.08.2023 அன்று முடிகிறது. அதற்கு மறுநாளிலிருந்து மனுத் தாக்கல் செய்யும் நாள்வரை எண்ண வேண்டும்.

டிக்ரிதாரர் மகள் எழுதியது:

ஒரு கேள்வி. மேல்முறையீடு மீட்கப்பட்டால் பழைய இடைக்கால உத்தரவும் தானாக உயிர்பெறுமா? எங்கள் வழக்கில் அப்படித்தான் தடை மறுபடி வந்துவிட்டது என்று சொன்னார்கள். செலவுத் தொகையை மட்டும் கட்டிவிட்டு எல்லாவற்றையும் திரும்பப் பெற்றுக்கொள்ளலாம் என்றால், வராமல் இருப்பதில் அவர்களுக்கு என்ன நட்டம்?

கறுப்பு அங்கி எழுதியது:

வராமையால் தள்ளுபடியான வழக்கு மீட்கப்படும்போது, மீட்கும் உத்தரவு வெளிப்படையாகவோ உட்கிடையாகவோ விலக்கியிருந்தாலொழிய, இடைக்கால உத்தரவுகளும் உயிர்பெறும் என்று 2004இல் வரீத் ஜேக்கப் வழக்கில் உச்ச நீதிமன்றம் பெரும்பான்மையால் சொன்னது. ஒரு நீதிபதி மாறுபட்டார். ஆகவே உங்கள் தாயாரின் வழக்கறிஞர், மீட்பு மனுவுக்கு எதிருரை போடும்போதே, ஒருவேளை மீட்டாலும் தடை தொடரக் கூடாது என்றும், மேல்முறையீட்டை இத்தனை மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்றும் நிபந்தனை கேட்டிருக்க வேண்டும். 19ஆவது விதி செலவுத் தொகையோடு நிற்கவில்லை. "வேறு நிபந்தனைகள்" என்றும் அதில் இருக்கிறது. அதை யாரும் கேட்பதில்லை என்பதே குறை. மூன்றாம் முறையும் அவர்கள் வராமல் போனால், முந்தைய இரண்டு உத்தரவுகளின் நகலையும் இணைத்துக் கடுமையாக எதிர்க்கச் சொல்லுங்கள். உங்கள் ஆதங்கம் நியாயமானது. ஆனால் அதற்கு விடை, காரணம் உள்ளவருக்கும் கதவை அடைப்பது அல்ல.

வைப்பாற்றான் எழுதியது:

நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். பழைய வழக்கறிஞரைப் பார்க்கப் போனேன். படுக்கையிலேயே இருந்தார். கட்டைத் தாமே எடுத்துக் கொடுக்கச் சொல்லி, வக்காலத்து மாற்ற ஒப்புதலிலும் பிரமாணப் பத்திரத்திலும் நடுங்கும் கையால் ஒப்பமிட்டார். புகார் கொடுக்கும் எண்ணம் அங்கேயே போய்விட்டது.

07.10.2024 அன்று மனுக்களைத் தாக்கல் செய்தோம். தாமதம் 422 நாள் என்று போட்டிருந்தோம். அலுவலகம் அதைத் திருப்பிவிட்டது. 2024 லீப் ஆண்டு என்பதை நாங்களும் தட்டச்சுக்காரரும் மறந்திருக்கிறோம். சரியான கணக்கு 423. திருத்தி மறுதாக்கல் செய்த பிறகுதான் எண் விழுந்தது. எதிர்த்தரப்பு எதிருரையில், எதிர்பார்த்தபடியே, ஐந்து தேதிகளையும் சென்னையில் இருக்கும் மகனையும் குறிப்பிட்டிருந்தது. அப்பாவைக் கூண்டில் ஏற்றி, "ஆறு வருஷத்தில் எத்தனை முறை கோர்ட்டுக்கு வந்தீர்கள்?" என்று கேட்டார்கள். "வக்கீல் கூப்பிட்டபோதெல்லாம் வந்தேன்; ஏழெட்டு முறை இருக்கும்; கடைசியாக வந்தபோது பருத்தி எடுப்பு" என்று அப்பா சொன்னார். அதற்கு மேல் அவர்கள் கேட்கவில்லை.

இரண்டு மனுக்களும் அனுமதிக்கப்பட்டுவிட்டன. எதிர்த்தரப்புக்கு 5,000 ரூபாய் செலவுத் தொகையைப் பதினைந்து நாளுக்குள் கொடுக்க வேண்டும், தவறினால் மனுக்கள் தள்ளுபடியாகும் என்பது உத்தரவு. அவர்களுடைய வழக்கறிஞர் பணத்தை வாங்க மறுக்கிறார். இடைக்கால உத்தரவைப் பற்றி உத்தரவில் ஒரு சொல்லும் இல்லை. குழாய் இன்னும் வரப்பில்தான் கிடக்கிறது.

பழைய சிரஸ்தார் எழுதியது:

வாங்க மறுத்தால் நாளைக் கடத்தாதீர்கள். மறுத்தார் என்று ஒரு மெமோ போட்டு, பதினைந்தாம் நாளுக்கு முன்பே தொகையை நீதிமன்றத்தில் செலுத்த அனுமதி கேட்டு, செலான் வாங்கிக் கட்டிவிடுங்கள். கடைசி நாள் விடுமுறையாக இருக்கிறதா என்று நாட்காட்டியைப் பார்த்துக்கொள்ளுங்கள். செலானில் மேல்முறையீட்டு எண்ணோடு மனு எண்ணையும் எழுத வேண்டும். கட்டிய ரசீதின் நகலை இணைத்து இன்னொரு மெமோ கொடுத்து, அது ஏ டைரியில் (நீதிமன்றத்தின் அன்றாட நடவடிக்கைக் குறிப்பேட்டில்) ஏறியதா என்று அப்பாவை நேரில் பார்த்துவரச் சொல்லுங்கள். குழாயை நீங்களாக இப்போது மாட்டாதீர்கள். வரீத் ஜேக்கப் தீர்ப்பைக் காட்டி, இடைக்கால உத்தரவு நடப்பில் இருக்கிறது என்று தெளிவுபடுத்தக் கோரி ஒரு மனுப் போட்ட பிறகு மாட்டலாம்.